பழைய மேற்கை வாடகைக்கு எடுத்த ஊர்: 'வைல்ட் அண்ட் வூலி' (1917) பற்றிக் கொஞ்சம் விரிவாக

மௌனப் படக் காலத்தில் கௌபாய் கதையும் காமெடியும் சேர்ந்து, பழைய மேற்கும் (அதாவது 19-ஆம் நூற்றாண்டின் கௌபாய் காலத்து மேற்கு அமெரிக்கா) நவீன வாழ்க்கையும் முட்டிக்கொள்கிற மாதிரி ஏதாவது படம் உண்டா, உண்டு என்றால் இன்றைக்கும் உட்கார்ந்து பார்க்க முடியுமா என்று கேட்டிருக்கிறீர்கள். உண்டு, தாராளமாகப் பார்க்கலாம். சில படங்கள் இருக்கின்றன, ஆனால் ஒன்றே ஒன்றைச் சொல் என்றால் நான் சொல்வது 1917 ஜூனில் வெளிவந்த 'வைல்ட் அண்ட் வூலி'. டக்ளஸ் ஃபேர்பேங்க்ஸ் நாயகன், ஜான் எமர்சன் இயக்கம், திரைக்கதை அனிதா லூஸ். 70 நிமிடம் போல ஓடும். கேமரா பிடித்தவர் விக்டர் ஃப்ளெமிங், பின்னாளில் 1939-இல் 'தி விசார்ட் ஆஃப் ஓஸ்', 'கான் வித் த விண்ட்' இரண்டுக்கும் இயக்குநராகப் பெயர் போட்டுக்கொண்ட அதே ஆள்.

முதலில் கதையைச் சொல்லிவிடுகிறேன். நூறு வருஷம் தாண்டிய படம், கதை தெரிந்தால் ரசனை ஒன்றும் குறையாது.

ஜெஃப் ஹில்லிங்டன் நியூயார்க்கில் ஒரு ரயில்வே முதலாளியின் மகன். மேற்கத்திய நாவல்களைப் படித்துப் படித்து மூளை முழுக்க அதுவே ஆகிவிட்டவன். அவனை முதலில் காட்டும்போது கூடாரத்துக்கு முன்னால், நெருப்பு மூட்டிய இடத்தில் உட்கார்ந்து புத்தகம் படித்துக்கொண்டிருப்பான், ஏதோ அரிசோனா வெட்டவெளி என்று நினைப்போம், காட்சி விரிந்தால் அது அப்பா வீட்டில் அவனுடைய படுக்கையறை! வீட்டுப் பணியாளைச் சுருக்குக் கயிறு வீசிப் பிடிப்பது, துப்பாக்கி பழகுவது என்று இவன் அடிக்கிற கூத்தில் அப்பாவுக்குப் பெரிய தலைவலி. அந்த நேரம் பார்த்து அரிசோனாவில் பிட்டர் க்ரீக் என்ற ஊரிலிருந்து சிலர் வருகிறார்கள். தங்கள் பக்கத்துச் சுரங்கத்துக்கு ஒரு கிளை ரயில் பாதை போட்டுத்தர வேண்டும் என்பது கோரிக்கை. சரி, போய்ப் பார்த்துவிட்டு வரட்டும், உண்மையான மேற்கைப் பார்த்தால் பைத்தியம் தெளியும் என்று அப்பா மகனை அனுப்பிவைக்கிறார்.

பிட்டர் க்ரீக்கோ எப்போதோ மாறிப்போன ஊர். கோட்டு சூட்டு, வங்கி, வக்கீல், ஒழுங்கான ஹோட்டல், எல்லாம் வந்தாகிவிட்டது. வருகிறவனுக்குப் பழைய மேற்கு என்றால் உயிர் என்பது ஊர்க்காரர்களுக்குத் தெரியவந்ததும் கூடிப் பேசி ஒரு முடிவுக்கு வருகிறார்கள்: அவன் இருக்கும் வரை ஊரை 1880-களாக மாற்றிவிடுவோம். பலகைகளை மாற்றுகிறார்கள், உடைகளை மாற்றுகிறார்கள், வங்கிக்காரரும் வக்கீலும் ரவுடிகளாகத் திரிகிறார்கள். ஒரு போலி ரயில் கொள்ளை, ஒரு போலி பூர்வகுடித் தாக்குதல், எல்லாம் நிகழ்ச்சி நிரல் போட்டுத் தயார். யாருக்கும் அடிபடக் கூடாதே என்று துப்பாக்கிகளில் வெற்றுத் தோட்டா. ஜெஃப்பின் துப்பாக்கியிலும்தான், அது அவனுக்குத் தெரியாமல்.

ஊரில் ஸ்டீவ் ஷெல்பி என்று ஒருவன் இருக்கிறான். பூர்வகுடி மக்களின் ஒதுக்கிடத்தைப் பார்த்துக்கொள்ள அரசாங்கம் நியமித்த ஏஜெண்ட், அவர்களுக்குச் சேர வேண்டியதைத் திருடிக்கொண்டிருப்பவன், மாட்டிக்கொள்ளப் போகிற நிலையில் இருக்கிறான். எல்லோரும் நாடகம் என்று நினைத்துக்கொண்டிருக்கும்போது நிஜக் கொள்ளை அடித்துவிட்டுப் போனால் யாருக்குத் தெரியும் என்பது அவன் கணக்கு. அப்படியே நடக்கிறது. கொள்ளை நிஜமாகிறது, தாக்குதல் நிஜமாகிறது, கதாநாயகியைக் கடத்துகிறார்கள், ஊர்க்காரர்கள் கையில் இருப்பதெல்லாம் வெற்றுத் தோட்டா. அப்புறம் என்ன, படுக்கையறையில் கற்ற வித்தையை வைத்துக்கொண்டு ஜெஃப் ஊரைக் காப்பாற்றுகிறான்.

இதில் பலர் கவனிக்காமல் விடுகிற ஒன்று இருக்கிறது, நான் இந்தப் படத்தை முதலில் சொல்வதற்கே அதுதான் காரணம். நவீனமும் பழமையும் மோதுகிற கதை என்றால் வழக்கமாக என்ன எதிர்பார்ப்போம்? நகரத்திலிருந்து ரயில் வரும், தந்தி வரும், ஊர்ப் பெரியவர்கள் எதிர்ப்பார்கள், கடைசியில் யாராவது ஒருவர் தோற்பார். இங்கே அது தலைகீழ். பழமையைக் கேட்பவன் நியூயார்க்காரன். ரயில் கேட்பவர்கள் எல்லைப்புறத்து ஊர்க்காரர்கள். அவர்களுக்குப் பழைய மேற்கின் மேல் எந்த ஏக்கமும் இல்லை, அது ஒரு வியாபாரச் செலவு, கிளைப் பாதை கிடைக்க வேண்டும் என்பதற்காக இரண்டு நாள் வேஷம் கட்டுகிறார்கள். மரபு என்று நாம் நினைக்கிற விஷயத்தைத் தயாரித்துக் கொடுப்பதே நவீன ஊர்தான், அதற்கு விலை வைப்பதும் அதுதான். 1917-லேயே இவ்வளவு தெளிவாக ஒரு காமெடிப் படம் இதைப் பிடித்திருக்கிறது என்பது எனக்கு இன்னும் ஆச்சரியம்.

அந்த வருஷத்தைக் கொஞ்சம் பார்க்க வேண்டும். 1890 மக்கள்தொகைக் கணக்கெடுப்போடு, மேற்கு நோக்கிப் போன குடியேற்றத்தின் எல்லைக்கோடு என்று வரைபடத்தில் காட்ட இனி ஒன்றும் மிச்சமில்லை என்று அமெரிக்க அரசே அறிவித்துவிட்டது. அதை வைத்து 1893-இல் வரலாற்றாசிரியர் ஃபிரெடரிக் ஜாக்சன் டர்னர் சிகாகோவில் படித்த கட்டுரைதான், அமெரிக்கர்களின் குணத்தையே உருவாக்கியது எல்லைப்புறம்தான் என்ற வாதத்தைப் பிரபலமாக்கியது. அரிசோனா 1912 பிப்ரவரியில் மாநிலமானது. 'பஃபலோ பில்' என்று பெயர் பெற்ற வில்லியம் கோடி, உலகத்துக்கே மேற்கைக் கூடாரம் போட்டுக் காட்டிய மனிதர், 1917 ஜனவரி 10-ஆம் தேதி டென்வரில் இறந்தார். ஐந்து மாதம் கழித்து இந்தப் படம் வருகிறது. ஃபேர்பேங்க்ஸ் பிறந்ததும் அதே டென்வரில்தான், 1883 மே மாதம், பஃபலோ பில்லின் காட்சி ஒமாஹாவில் முதன்முதலாகத் தொடங்கிய அதே மாதம்!

ஆக நியூயார்க் பணக்காரப் பையனாக, மேற்கைக் கண்ணால் காணாதவனாக நடிப்பவர் கொலராடோவில் பிறந்தவர். அந்தக் காலத்தில் கௌபாய் படங்களின் மிகப் பெரிய நட்சத்திரமாக இருந்த, முகத்தில் சிரிப்பே இல்லாத வில்லியம் எஸ். ஹார்ட் பிறந்தது நியூயார்க் மாநிலத்தில். மேற்கின் கதைகள் எங்கே தயாராயின என்று பார்த்தால் இதில் வியப்பதற்கு ஒன்றுமில்லை. ஜெஃப் படிக்கிற மாதிரியான மலிவு விலை நாவல்களை 1860-இல் தொடங்கி வைத்தது நியூயார்க்கில் இருந்த பீடில் பதிப்பகம். கௌபாய் சினிமாவுக்கெல்லாம் முன்னோடி என்கிற 1903-இன் 'தி கிரேட் டிரெய்ன் ராபரி'யைப் பெரும்பாலும் நியூஜெர்சியில்தான் எடுத்தார்கள். கிழக்கில் அச்சாகி மேற்குக்குப் போன கனவு அது. படத்தில் ஊரைக் காப்பாற்றும் அத்தனை வித்தையும், குதிரை, கயிறு, துப்பாக்கி எல்லாமே, ஒரு நியூயார்க் படுக்கையறையில் கற்றதாக அனிதா லூஸ் எழுதியதை இந்தப் பின்னணியோடு பார்த்தால் அவர் எவ்வளவு கூர்மையானவர் என்று புரியும்.

அனிதா லூஸைப் பற்றித் தனியாகச் சொல்லியே ஆக வேண்டும். கலிஃபோர்னியாக்காரர், 1912-இல் வந்த 'தி நியூயார்க் ஹேட்' குறும்படத்தின் கதை அவருடையது, இயக்குநர் டி.டபிள்யூ. கிரிஃபித்தின் 'இன்டாலரன்ஸ்' படத்துக்கு வசன அட்டைகள், அதாவது காட்சிகளுக்கு நடுவே திரையில் எழுத்தாக வருபவை, எழுதியவர்களில் ஒருவர். அவர் வருவதற்கு முன்னால் வசன அட்டை என்பது பெரும்பாலும் 'மறுநாள் காலை' என்கிற அளவுக்குத் தகவல் சொல்லும் பலகைதான். லூஸ் அதில் கதைசொல்லியின் குரலைக் கொண்டுவந்தார், பார்வையாளரிடம் நேரடியாகப் பேசினார், காட்சியைக் கிண்டல் செய்தார். 1916-இல் 'ஹிஸ் பிக்சர் இன் த பேப்பர்ஸ்' படத்திலிருந்து லூஸ், எமர்சன், ஃபேர்பேங்க்ஸ் மூவரும் சேர்ந்து, அன்றைய அமெரிக்காவின் மோகங்களை ஒவ்வொன்றாக எடுத்துக் கேலி செய்துகொண்டே போனார்கள்: விளம்பர மோகம், சைவ உணவு மோகம், அந்த வரிசையில் மேற்கின் மோகம். அவருக்குப் பெரும் புகழ் கொடுத்த நாவல் 'ஜென்டில்மென் ப்ரிஃபர் ப்ளாண்ட்ஸ்' 1925-இல்தான் வந்தது, ஆனால் அந்தக் கை ஏற்கெனவே இங்கே முழுசாகப் பழகியிருக்கிறது.

படத்தின் முடிவும் லூஸின் கைவண்ணம்தான். ஜெஃப் ரயில் ஏறி ஊருக்குக் கிளம்புகிறான், காதலி அங்கேயே நிற்கிறாள், முடிந்தது என்று நினைக்கும்போது ஓர் அட்டை குறுக்கிடுகிறது. கல்யாணம் இல்லாமல் ஒரு மேற்கத்தியக் காதல் கதையை முடிக்க முடியாதே, ஆனால் அவளுக்குக் கிழக்கு பிடிக்கும், அவனுக்கு மேற்கு பிடிக்கும், இரண்டும் எங்கே சந்திப்பது என்று கேட்கிறது. கிழக்கும் மேற்கும் சந்திக்காது என்று ஆங்கிலக் கவிஞர் கிப்ளிங் எழுதிய கவிதை வரியைச் சீண்டுகிற அட்டை. அடுத்த காட்சியில் கணவனும் மனைவியும் பணியாட்கள் சூழ ஆடம்பர மாளிகைப் படியில் இறங்கி வருகிறார்கள், நியூயார்க் என்றே நினைப்போம், கதவைத் திறந்தால் வெளியே பரந்த வெளியும் குதிரையில் காத்திருக்கும் கௌபாய்களும். தொடக்கத்தில் வெட்டவெளி என்று காட்டிப் படுக்கையறையாக மாற்றியவர்கள், முடிவில் மாளிகை என்று காட்டி வெட்டவெளியாக மாற்றுகிறார்கள். ஒப்பனை எங்கே முடிகிறது, நிஜம் எங்கே தொடங்குகிறது என்ற கேள்வியை வசனமே இல்லாமல் இரண்டு கதவுகளை வைத்துக் கேட்கிறார்கள்.

ஃபேர்பேங்க்ஸின் உடம்பு இன்னொரு சுகம். 'தி மார்க் ஆஃப் ஸாரோ' 1920-இல் வருவதற்கு முன்னால், வாளும் முகமூடியும் இல்லாமல், சாதாரண உடையில் இந்த மனிதர் எப்படித் தாவுகிறார், மேசை நாற்காலியை எப்படிப் பயன்படுத்துகிறார் என்று பார்க்க இந்த வருஷங்களின் படங்கள்தான் சிறந்தவை. நடந்து போக வேண்டிய இடத்துக்கு ஏறிப் போவார், ஏற வேண்டிய இடத்துக்குத் தாவிப் போவார். அந்தச் சந்தோஷம் நம்மையும் தொற்றிக்கொள்ளும். ஜெஃப்பை முட்டாளாகக் காட்டாமல் காப்பாற்றுவதும் அதுதான்.

இனி மனத்தை உறுத்துகிற பக்கம். இரண்டாம் பாதியில் பூர்வகுடி மக்களைக் காட்டியிருக்கிற விதம் மோசம். குடித்துவிட்டு ஊரைச் சுற்றி வளைக்கும் கூட்டம், அவ்வளவுதான் அவர்களுக்கு இந்தக் கதையில் கிடைத்த இடம். வில்லனின் மெக்ஸிகோ கையாளும் வழக்கமான அச்சுதான். ஆச்சரியம் என்னவென்றால், அவர்களைச் சுரண்டுகிறவன் அரசாங்க ஏஜெண்ட் என்று கதையே சொல்கிறது, ஏஜெண்டுகளின் ஊழல் அமெரிக்காவில் பல பத்தாண்டுகளாக எல்லோருக்கும் தெரிந்த சங்கதி. அந்த உண்மையைத் தொட்டுவிட்டு, திருடப்பட்டவர்களின் பக்கம் ஒரு நிமிஷம் கூட நிற்காமல், அவர்களை மறுபடி துரத்த வேண்டிய கூட்டமாக ஆக்கிவிடுகிறது படம். வங்கிக்காரரின் கௌபாய் வேஷத்தைக் கேலி செய்யத் தெரிந்த படத்துக்கு, 'காட்டு இந்தியன்' என்பதும் அதே கடையில் வாங்கிய வேஷம் என்று தெரியவில்லை. பஃபலோ பில்லின் காட்சியில் லக்கோட்டா பூர்வகுடித் தலைவர் சிட்டிங் புல்லே 1885-இல் ஒரு பருவம் முழுக்கப் பங்கெடுத்தார். வேஷத்துக்குக் காசு கொடுத்த நாடு, 1924 வரை பூர்வகுடி மக்கள் அனைவரையும் குடிமக்களாக ஏற்கவில்லை. அரிசோனாவில் ஒதுக்கிடத்தில் வாழ்ந்தவர்களுக்கு ஓட்டுரிமை கிடைக்க 1948 வரை ஆனது. இதைத் தெரிந்துகொண்டு பார்ப்பது நல்லது, அந்தக் காட்சிகளில் சிரிப்பு வரவில்லை என்றால் வரவில்லைதான்.

இன்னொன்றும் என்னை விடாமல் துரத்துகிறது. படம் வெளிவந்து மூன்று வாரத்துக்குள், 1917 ஜூலை 12 அன்று, நிஜ அரிசோனாவில் பிஸ்பி என்ற தாமிரச் சுரங்க ஊரில் நடந்தது இது. வேலைநிறுத்தத்தில் இருந்த தொழிலாளர்களையும் அவர்களுக்கு ஆதரவானவர்களையும், சுமார் 1,200 பேரை, ஷெரிஃப் திரட்டிய ஆயுதக் கும்பல் விடியற்காலையில் வீடு வீடாகப் போய்ப் பிடித்து, சரக்கு ரயில் பெட்டிகளில் அடைத்து நியூ மெக்ஸிகோ பாலைவனத்தில் கொண்டுபோய் விட்டது. பின்னால் இருந்தது சுரங்க நிறுவனம். ரயிலும் அந்த நிறுவனத்தின் கட்டுப்பாட்டில் இருந்ததுதான். செய்தி வெளியே போகாமல் தந்தி அலுவலகத்தையும் கைப்பற்றிக்கொண்டார்கள். பிட்டர் க்ரீக் ஊர்க்காரர்கள் வாயில் எச்சில் ஊறக் கேட்கிற அதே சுரங்க ரயில் பாதை, நிஜ வாழ்க்கையில் என்னவெல்லாம் ஏற்றிக்கொண்டு போனது என்பதற்கு இதைவிட நெருக்கமான உதாரணம் கிடைக்காது. படத்துக்கு இது தெரிந்திருக்க வாய்ப்பே இல்லை, அதனால் அதைக் குறை சொல்லவில்லை. ஆனால் 1917-இன் அரிசோனாவில் வன்முறை ஒழிந்து வங்கியும் வக்கீலும் வந்துவிட்டார்கள், இனி துப்பாக்கி எல்லாம் வேடிக்கைக்குத்தான் என்ற படத்தின் அடிப்படை நம்பிக்கை இருக்கிறதே, அது அன்றைக்கே பொய். துப்பாக்கி கைமாறியிருந்தது, அவ்வளவுதான்.

பிஸ்பிக்கு 40 கிலோமீட்டர் தூரத்தில்தான் டூம்ஸ்டோன் இருக்கிறது, 1881 அக்டோபர் 26 அன்று ஓ.கே. கொர்ரால் என்ற குதிரைப் பட்டிக்கு அருகே காவலதிகாரி வயட் அர்ப்பின் கோஷ்டியும் எதிர்க்கோஷ்டியும் ஒருவரையொருவர் சுட்டுக்கொண்ட ஊர். வெள்ளிச் சுரங்கங்களில் தண்ணீர் புகுந்து அந்த ஊர் சோர்ந்துபோனது. மாவட்டத் தலைநகர் அந்தஸ்தையும் 1929-இல் பிஸ்பியிடம் பறிகொடுத்தது. அதே 1929 அக்டோபரில் ஊரின் 50-ஆம் ஆண்டைச் சாக்கிட்டு 'ஹெல்டொராடோ' என்று விழா எடுத்து, தன்னுடைய பழைய துப்பாக்கிச் சண்டை நாட்களைத் தானே வேஷம் கட்டி நடித்துக் காட்டியது, பார்க்க வெளியூர்க்காரர்கள் வந்தார்கள். இன்றைக்கும் அந்த ஊரின் பிழைப்பு அதுதான். பிட்டர் க்ரீக் கற்பனையில் செய்ததை 12 வருஷம் கழித்து நிஜ ஊர் செய்தது. வயட் அர்ப் அதே வருஷம் ஜனவரியில் லாஸ் ஏஞ்சலஸில் இறந்தபோது பெட்டியைச் சுமந்தவர்களில் வில்லியம் எஸ். ஹார்ட்டும் டாம் மிக்ஸும் இருந்தார்கள், இரண்டு பேரும் சினிமா கௌபாய்கள்.

படத்தின் இரண்டாம் பாதி பற்றி ஒரு கருத்து வேறுபாடு உண்டு. கேலி செய்துகொண்டே வந்த படம் கடைசியில் ஜெஃப்பை நிஜ வீரனாக்கி, பழைய மேற்கின் பக்கமே சாய்ந்துவிட்டது என்று சொல்வார்கள். ஓரளவு சரிதான், கடைசி 20 நிமிடம் வழக்கமான குதிரைத் துரத்தலாக மாறுகிறது, முதல் பாதியின் கூர்மை அதில் இல்லை. ஆனாலும் ஊர்க்காரர்கள் வெற்றுத் தோட்டாவோடு அடைபட்டுக் கிடக்கும் இடம் வலுவானது. வேஷத்துக்காகத் தாங்களே செய்த ஏற்பாடு தங்களையே மாட்டிவிட்டது, உண்மையைச் சொல்லித்தான் ஆக வேண்டும், ஜெஃப்பின் கனவைத் தாங்களே உடைத்தாக வேண்டும். தன்னை ஏமாற்றியவர்கள் இவர்கள் என்று தெரிந்த அந்த நிமிஷத்தில் ஜெஃப் கோபித்துக்கொண்டு உட்காரவில்லை, வேலையைப் பார்க்கக் கிளம்பிவிடுகிறான். அந்த ஒரு இடத்துக்காக அந்தக் கடைசி 20 நிமிடத்தையும் மன்னித்துவிடலாம்.

பார்ப்பது பற்றி. அமெரிக்காவின் காங்கிரஸ் நூலகம் பாதுகாக்க வேண்டிய படங்களின் தேசியப் பட்டியலில் 2002-இல் இதைச் சேர்த்தது. பதிப்புரிமைக் காலம் முடிந்துவிட்ட படம் என்பதால் இணையத்தில் இலவசமாகவே கிடைக்கும். ஆனால் பிரதியைப் பார்த்து எடுங்கள். எல்லோரும் பொம்மை மாதிரி விறுவிறுவென்று ஓடினால் தவறான வேகத்தில் ஓட்டியது என்று பொருள், மூடிவிட்டு வேறு பிரதி தேடுங்கள். பின்னணியில் பியானோ இசை ஒழுங்காகச் சேர்த்தது கிடைத்தால் நல்லது, ஏதோ ஒரு பாட்டை இழுத்துப் போட்டு ஓடவிட்ட பிரதி என்றால் சத்தத்தை அணைத்துவிட்டுப் பார்க்கலாம். வசன அட்டைகளை அவசரப்படாமல் படியுங்கள், பாதி நகைச்சுவை அங்கேதான்.

இது பிடித்திருந்தால் அடுத்து 1916-இன் 'மன்ஹாட்டன் மேட்னஸ்'. அதில் ஃபேர்பேங்க்ஸ் மேற்கிலிருந்து நியூயார்க் வருகிறவர், நகரத்தில் ஒரு பரபரப்பும் இல்லை என்று அலுத்துக்கொள்ள, நண்பர்கள் சேர்ந்து அவருக்காக ஒரு போலிச் சாகசத்தை நடத்துகிறார்கள், அதாவது இதே கதையின் மறுபக்கம். அதற்கப்புறம் மௌனப் பட நகைச்சுவை நடிகர் பஸ்டர் கீட்டனின் 'கோ வெஸ்ட்', 1925. கீட்டன் பிழைப்புத் தேடி மேற்கே போய், ப்ரவுன் ஐஸ் என்ற பசுவோடு நட்பாகி, கடைசியில் ஒரு பெரிய மாட்டு மந்தையே லாஸ் ஏஞ்சலஸ் தெருவில் புகுந்துவிடும். கீட்டன் படங்களில் அது கொஞ்சம் மெதுவானது என்று சிலர் சொல்வார்கள், எனக்கு அந்த நிதானம் பிடிக்கும். துப்பாக்கியை நீட்டிச் 'சிரித்துக்கொண்டே சொல்' என்று மிரட்டுகிறவன் முன்னால், திரையில் சிரிக்காத முகத்துக்கே பெயர் பெற்ற கீட்டன் என்ன செய்கிறார் என்பதை மட்டும் சொல்லமாட்டேன், நீங்களே பாருங்கள்.